ஊது என்னும் அகில் கட்டை

நம்மவர் மளிகைக் கடை எதிலும் ஊதுபத்தி இல்லாமல் இராது. வியாழன் மாலை வந்துவிட்டால், லாபம் சில காசுகளே ஆனாலும், பெட்டி பெட்டியாகக் கைமாறும். இந்தப் பெயரில் உள்ள 'ஊது' என்பதை வாயால் ஊதுவது என்றே பலர் எண்ணிக்கொண்டிருக்கிறார்கள். அது அரபுச் சொல்லாகிய 'ஊத்' என்பதாகும். கட்டை என்பது அதன் நேர்ப்பொருள். வாசனைக் கட்டை என்பது வழக்குப்பொருள். உருது வழியாக நம்மிடம் வந்து சேர்ந்து, தமிழ்ச் சொல்லைப் போலவே ஆகிவிட்டது. ஆனால் இன்று நாம் விற்கும் பத்தியில் அந்தக் கட்டை பெரும்பாலும் மருந்துக்குக்கூட இருப்பதில்லை. பெயர் தங்கிவிட்டது, சரக்கு போய்விட்டது. அது எப்படிப் போயிற்று, எஞ்சியிருப்பதை வாங்கி விற்பவர் எதையெதை அறிந்திருக்க வேண்டும் என்பதே இந்தப் பாடத்தின் விஷயம்.

தமிழில் இதற்கு அகில் என்று பெயர். மலாய்க்காரர்கள் இதற்கு இரண்டு பெயர் வைத்திருக்கிறார்கள். மரத்துக்குக் காரஸ் என்று பெயர்; அந்த மரத்துக்குள் விளையும் வாசனைக் கட்டைக்குக் காஹாரு என்று பெயர். இவ்விரண்டையும் ஒன்றாக எண்ணக் கூடாது. மரம் வேறு, சரக்கு வேறு என்பதை மனத்தில் இருத்திக்கொண்டால், இந்த வியாபாரத்தில் நடக்கும் பாதி மோசடி உடனே விளங்கிவிடும்.

ஆங்கிலத்தில் இதைக் 'கழுகுக் கட்டை' என்று பொருள்படும் பெயரால் அழைப்பார்கள். கழுகுக்கும் இந்த மரத்துக்கும் யாதொரு சம்பந்தமும் கிடையாது. மலையாளக் கரைக்கு வந்த போர்த்துக்கீசியர் காதில் 'அகில்' என்பது தங்கள் பாஷையில் கழுகைக் குறிக்கும் சொல்லைப் போல விழுந்தது. அப்படியே எழுதி வைத்துவிட்டார்கள். பிறகு 1783-ஆம் வருடம் பிரெஞ்சுத் தாவர சாஸ்திரி லமார்க் இதற்கு 'அக்குவிலாரியா மலாக்கென்சிஸ்' என்று பெயர் சூட்டினார். முற்பகுதி கழுகு, பிற்பகுதி மலாக்கா. ஆக, இன்று உலகத்துச் சர்க்கார்களெல்லாம் தங்கள் பத்திரங்களில் எழுதும் பெயருக்குள் நம் தமிழ்ச் சொல் உருமாறி ஒளிந்திருக்கிறது. கூடவே நமக்கு அடுத்த மாநிலத்தின் பெயரும் இருக்கிறது.

பழைய வியாபாரம்

இந்தச் சரக்கு கடல் தாண்டிப் போனது நேற்று இன்று அல்ல. சிலப்பதிகாரத்துக்கு உரை எழுதிய அடியார்க்கு நல்லார் அகிலின் வகைகளைக் கூறுமிடத்தில் அருமணவன், தக்கோலி, கிடாரவன், காரகில் என்று பெயர் சொல்லியிருக்கிறார். இவற்றில் முதல் மூன்றும் ஊர்ப்பெயரால் வந்தவை. அருமணம் பர்மாப் பக்கம். தக்கோலம் இன்றைய தாய்லாந்தின் மேற்குக் கரை. கிடாரம் என்பது கடாரம், அதாவது நமது கெடா. தமிழ்நாட்டுப் புலவர் ஒருவர் கெடாச் சரக்குக்குத் தனிப்பெயர் எழுதி வைக்கிறார் என்றால், அந்நாளில் அது எவ்வளவு பழகிய சரக்காக இருந்திருக்க வேண்டும்!

தமிழ்நாட்டு மேற்கு மலைகளில் வெள்ளகில் என்று ஒரு மரம் உண்டு. அது வேறு குடும்பத்து மரம். நாட்டு மருந்துக் கடைகளில் அகில் என்று கேட்டால் சில வேளைகளில் இதைத்தான் கட்டித் தருவார்கள். மருந்துக்கு வாங்குபவர்கள் விசாரித்து வாங்க வேண்டும்.

அரபு வியாபாரிகளும் ஊரை வைத்தே தரம் பிரித்தார்கள். ஸன்ஃபீ என்றால் சம்பா தேசத்துச் சரக்கு. அது இன்றைய வியட்நாமில் உள்ளது. கமாரீ என்றால் கம்போஜத்துச் சரக்கு. சீனாவின் துறைமுக வியாபாரத்தைக் கவனித்து வந்த சாவ் ஜூகுவா என்ற அதிகாரி 1225-இல் எழுதிய புத்தகத்திலும் கம்போஜத்துக்கே முதலிடம் கொடுத்திருக்கிறார். அன்றைய வழக்கம் இன்றும் போகவில்லை. துபாய்க் கடைத்தெருவில் ஹிந்தி, கம்போடி, மலேசி என்றுதான் இன்றும் கேட்டு வாங்குகிறார்கள். 'ஹிந்தி' என்பது பெரும்பாலும் அஸ்ஸாம் சரக்கு. அஸ்ஸாமில் ஹோஜாய் என்ற ஊர் இந்த வியாபாரத்துக்குப் பேர்போனது. அங்கிருந்து பம்பாய்க்கு வந்து அத்தர் வியாபாரம் தொடங்கிய ஹாஜி அஜ்மல் அலி அவர்களின் நிறுவனம் 1951-இல் ஏற்பட்டது. இன்று வளைகுடா நாடுகளெங்கும் கடைகள் வைத்திருக்கிறது. கட்டையை அறிந்தவருக்கு இது பெரிய வியாபாரம் என்பதற்காகவே இதைக் குறிப்பிட்டோம்.

மார்க்கத்தில் இதன் இடம்

ஊதுக்கு மார்க்கத்தில் மதிப்பு உண்டு என்பதில் சந்தேகமில்லை. சுவர்க்கவாசிகளின் தூபக் கலசங்களில் 'அலுவ்வா' எரியும் என்று புகாரியிலும் முஸ்லிமிலும் வரும் ஹதீது தெரிவிக்கிறது. அலுவ்வா என்றால் ஊதுக்கட்டை என்று உரையாசிரியர்கள் கூறுகிறார்கள். இப்னு உமர் (ரலி) அவர்கள் கலப்பில்லாத அலுவ்வாவைப் புகைப்பார்கள் என்றும், சில வேளைகளில் அதனுடன் கற்பூரத்தைச் சேர்ப்பார்கள் என்றும், நாயகம் (ஸல்) அவர்கள் இவ்வாறே செய்தார்கள் என்று சொன்னார்கள் என்றும் ஸஹீஹ் முஸ்லிமில் வந்திருக்கிறது. நமது ஷாஃபியீ மத்ஹபின் ஃபிக்ஹு நூல்களில் மையத்தின் கஃபனுக்கு ஊதுப் புகை காட்டுவது சுன்னத்து என்று ஓதியிருக்கிறோம். கஃபனுக்கு வேண்டிய சாமான்களைக் கட்டி வைத்து விற்கும் நம்மவர் பலர் அதில் ஒரு பொட்டலம் ஊதும் வைப்பது இதனால்தான்.

ஆனால் வேறொரு ஹதீதைக் காட்டி இதை விற்பது சரியல்ல. 'அல்-ஊதுல் ஹிந்தி' என்னும் இந்தியக் கட்டையை உபயோகியுங்கள், அதில் ஏழு நிவாரணங்கள் உள்ளன என்ற கருத்தில் உம்மு கைஸ் (ரலி) அவர்கள் அறிவித்த ஹதீது புகாரியில் இருக்கிறது. அதை அட்டையில் அச்சடித்து, அகில் கட்டை டப்பாவின் மேல் ஒட்டி விற்பதைப் பல இடங்களில் பார்க்கிறோம். அந்த ஹதீதில் சொல்லப்பட்டது 'குஸ்த்' என்று புகாரியிலேயே விளக்கம் வந்திருக்கிறது. குஸ்த் என்பது நம் நாட்டு மருந்துக் கடையில் கோஷ்டம் என்று விற்கும் வேர். அது காஷ்மீர், இமயமலைப் பக்கத்துச் செடி. அகிலோடு எவ்வித உறவும் அதற்கு இல்லை. தெரியாமல் ஒட்டியவரை நாம் குறை சொல்லவில்லை. ஆனால் தெரிந்த பிறகும், ரசூலுல்லாஹ்வின் பெயரால் ஒன்றைச் சொல்லி வேறொன்றை விற்பது எவ்வளவு பெரிய விஷயம் என்பதை வியாபாரி யோசிக்க வேண்டும். ஊதுக்கு அலுவ்வா ஹதீதே போதுமான சிறப்பு.

சரக்கு எப்படி விளைகிறது?

காரஸ் மரம் தாழ்நிலக் காட்டில் வளர்வது. நெடிது உயரும், பட்டை சாம்பல் நிறம். வெட்டிப் பார்த்தால் உள்ளே வெண்மையாக, எடை குறைந்து, வாசனையே இல்லாமல் இருக்கும். அந்த நிலையில் அது உறுதி குறைந்த மரம். காற்றில் கிளை முறிந்தோ, பூச்சி துளைத்தோ, வேறு காயம் பட்டோ அதன் வழியே பூஞ்சைக் காளான் உள்ளே புகுந்தால், மரம் தன்னைக் காத்துக்கொள்ள அந்த இடத்தில் ஒருவகைப் பிசினைச் சுரக்கிறது. பிசின் ஊறிய பகுதி வருடக்கணக்கில் கறுத்துக் கனத்துப் போகிறது. அதுதான் காஹாரு. நோய் கண்ட இடமே விலை பெறுகிறது. நோயில்லாத மரத்துக்கு விலை இல்லை. அல்லாஹ்வுடைய படைப்பின் விசித்திரம் இது.

எல்லா மரத்திலும் இது விளைவதில்லை. காட்டில் தானாக வளர்ந்த பெரிய மரங்களில் பத்துக்கு ஒன்றில் இருக்கும் என்பது பொதுவாகச் சொல்லப்படும் கணக்கு. அந்த ஒன்று எது என்பதை வெளியில் இருந்து அறிவது எளிதல்ல. நெகிரி செம்பிலானில் உள்ள தெமுவான் மக்களும், மற்ற ஓராங் அஸ்லி மக்களும் தலைமுறை தலைமுறையாக இதைப் பார்த்துப் பழகியவர்கள். இலை வாடியிருப்பது, கிளை முறிந்த தழும்பு, தண்டில் புடைப்பு, எறும்புப் புற்று என்று அடையாளம் பார்ப்பார்கள். சிறு கத்தியால் ஒரு சீவல் சீவிப் பார்ப்பார்கள். இருக்கும் இடத்தை மட்டும் செதுக்கி எடுத்துவிட்டு மரத்தை நிற்க விடுவதும் உண்டு. செதுக்கிய காயத்தில் மறுபடியும் விளையும். சில வருடங்கள் கழித்து வந்து பார்க்கலாம்.

விலை ஏறியதும் வேறு வகை ஆட்கள் காட்டுக்குள் புகுந்தார்கள். எல்லை தாண்டி வந்து, வாரக்கணக்கில் காட்டில் தங்கி, கண்ணில் பட்ட காரஸ் மரத்தையெல்லாம் சாய்த்துப் பிளந்து பார்க்கும் கூட்டங்கள் மலேசியாவில் பலமுறை பிடிபட்டிருக்கின்றன. ஒரு மரத்தில் சரக்கு கிடைப்பதற்காக ஒன்பது மரம் வீணே விழுகிறது. அந்த ஒன்பதும் விதை போட வேண்டிய தாய் மரங்கள். காரஸ் விதை நெல்லைப்போல் சேமித்து வைக்கும் விதையும் அல்ல. விழுந்த சில நாட்களுக்குள் முளைக்காவிட்டால் செத்துவிடும். தாய் மரம் போனால் அந்த இடத்தில் வம்சமே போயிற்று.

நம் மாநிலத்திலேயே இதற்கு ஒரு சாட்சி உண்டு. ஜெலுபு மாவட்டத்தில் பாசோ காட்டில் வன ஆராய்ச்சிக் கழகத்தார் 50 ஹெக்டர் நிலத்தை அளந்து, ஒரு சென்டிமீட்டர் பருமனுக்கு மேற்பட்ட மரம், கன்று ஒவ்வொன்றுக்கும் எண் கட்டிக் கணக்கெடுத்திருக்கிறார்கள். இந்த வேலை 1980-களில் தொடங்கியது. சுமார் 3 லட்சத்து 35 ஆயிரம் தண்டுகள், 800-க்கு மேற்பட்ட இனங்கள். அத்தனை பெரிய கணக்கிலும் காரஸ் அங்கொன்றும் இங்கொன்றுமாகவே இருக்கிறது. வெட்டுக்கு முன்பே அது அடர்ந்து வளரும் மரமல்ல என்பதை இதிலிருந்து அறியலாம். 2018-இல் உலக இயற்கைப் பாதுகாப்புச் சங்கம் இந்த மரத்தை மிக மோசமான அபாயத்தில் உள்ளவற்றின் வரிசையில் சேர்த்தது. அதற்கு அடுத்த படி, காட்டில் இல்லாமலே போவதுதான்.

நாம் குடியிருக்கும் நீலாயையே எடுத்துக்கொள்வோம். பால்மரம் வருவதற்கு முன் இங்கும் தாழ்நிலக் காடுதான். காடு போய்ப் பால்மரம் வந்தது, பால்மரம் போய்ச் செம்பனை வந்தது, தோட்டங்கள் துண்டாகி வீட்டு மனையும் கல்லூரியும் நீலாய் மூன்றின் மொத்த வியாபாரக் கடைகளும் வந்தன. 1998-இல் செப்பாங்கில் விமான நிலையம் திறந்த பிறகு வெளிநாட்டார் வரத்து பெருகிற்று. கம்பளம், துணி, திரைச்சீலை வாங்க வருகிறவர்கள் புகூர், அத்தர், ஊது இவற்றையும் கேட்கிறார்கள். ஆகவே காரஸ் மரத்தைப் பார்த்திராத நம் பிள்ளைகள் காஹாரு விற்கும் நிலைமை ஏற்பட்டிருக்கிறது.

அசலும் நகலும்

மலேசியாவில் காஹாருவை சூப்பர், ஏ, பி, சி என்று தரம் பிரிக்கிறார்கள். இந்தத் தரத்துக்கு எல்லாரும் ஒப்பிய ஒரே அளவுகோல் இல்லை. ஒருவர் 'ஏ' என்பதை மற்றவர் 'பி' என்பார். நிறம், எடை, பிசின் ஓட்டம், சுட்டால் வரும் மணம் இவற்றைப் பார்த்தே விலை. கடைசித் தரம் கிலோ சில பத்து வெள்ளிக்கும் கிடைக்கும்; முதல் தரம் பல்லாயிரம் வெள்ளி போகும். இவ்வளவு பெரிய இடைவெளி இருக்கும் சரக்கில் பொய் நுழையாமல் இருக்குமா?

'பிளாக் மேஜிக்' என்று வியாபாரிகள் தங்களுக்குள் பெயர் வைத்திருக்கும் ஒரு நகல் உண்டு. வெறும் வெள்ளைக் கட்டையை, அல்லது வேறு மரத்தை, செதுக்கி வடிவம் கொடுத்து, கறுப்புச் சாயமும் வாசனை எண்ணெயும் ஏற்றிக் காய வைப்பது. கண்ணாடிப் பெட்டியில் பார்த்தால் சூப்பர் தரமே தோற்றுப்போகும். நம் கடைத்தெருவுக்கு வந்த ஒரு பெரியவர் ஊருக்குப் போகுமுன் சம்பந்தி வீட்டாருக்குக் கொடுக்க என்று ஒரு துண்டு வாங்கி வந்து நம்மிடம் காட்டினார். எங்கே வாங்கினார் என்பது இங்கே வேண்டாம். கையில் எடுத்ததும் விரலில் கறுப்பு ஒட்டிற்று. அவர் கொடுத்த விலையைச் சொன்னபோது நமக்கு வாய் திறக்க மனம் வரவில்லை.

பார்க்க வேண்டிய முறை வருமாறு. அசல் கட்டையில் பிசின் ஒரே சீராக இராது. வெளிறிய மரத்தினூடே பழுப்பும் கறுப்புமாகக் கோடு கோடாகவும் திட்டுத் திட்டாகவும் ஓடும். முழுக்க ஒரே கறுப்பாக, பளபளவென்று இருந்தால் சந்தேகிக்க வேண்டும். ஓர் ஓரத்தை உடைத்துப் பார்க்கலாம். மேலே கறுத்து உள்ளே திடீரென்று வெளுத்திருந்தால் அது சாயம். ஈரத் துணியால் அழுத்தித் துடைத்தால் சாயம் துணியில் இறங்கும். பச்சையாக முகர்ந்தபோதே மூக்கைத் துளைக்கும் வாசனை வந்தால் அதுவும் நல்ல அடையாளமல்ல. அசல் கட்டை சூட்டில்தான் வாய் திறக்கும்.

எல்லாவற்றிலும் மேலானது நெருப்புச் சோதனை. ஒரு சிறு சீவலை நன்றாகத் தணிந்த கரி நெருப்பில் வைக்க வேண்டும். அசலானால் பிசின் நுரைத்துக் கொப்புளமாக மேலே வரும். மணம் மெல்லத் தொடங்கிக் கடைசி வரை நிற்கும். நகலானால் முதலில் அத்தர் வாடை குப்பென்று எழும், பிறகு விறகுப் புகைதான். தண்ணீரில் மூழ்கினால் முதல் தரம் என்று சீனர்கள் பார்ப்பார்கள். அவர்கள் பாஷையில் இதன் பெயரே 'மூழ்கும் வாசனை' என்று பொருள்படும். பிசின் நிறைந்தது மூழ்கும் என்பது உண்மையே. ஆனால் எடை ஏற்றுவதற்காக உள்ளே ஈயம் செருகும் கெட்டிக்காரர்களும் இருக்கிறார்கள். ஆதலால் தண்ணீரை மட்டும் நம்பிவிட வேண்டாம்.

எண்ணெய் விஷயம் இன்னும் கடினம். சீவல்களைப் பல நாள் தண்ணீரில் ஊறப்போட்டு, கொப்பரையில் கொதிக்க வைத்து ஆவியைக் குளிர்வித்து எண்ணெய் இறக்குகிறார்கள். வடித்த பின் மிஞ்சும் சக்கைத் தூளுக்குப் பத்தி செய்பவர்களிடம் கிராக்கி உண்டு. 'அசல் ஊதுத் தூள் சேர்த்தது' என்று பத்திப் பெட்டியில் போட்டிருந்தால், அது பொய்யாகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை. வடித்துப் போட்ட சக்கையாக இருக்கலாம். எண்ணெயில் வேறு எண்ணெய் கலந்திருப்பதைக் கண்ணால் கண்டுபிடிப்பது நம் போன்றவர்களால் ஆகாது. தெரிந்த கையிடம் மட்டுமே வாங்க வேண்டும்.

நிறுவையிலும் ஒரு கண்ணி உண்டு. காட்டிலிருந்து சரக்குக் கொண்டுவருகிறவர்கள் இன்னமும் கட்டி, தஹில் என்றே பேசுகிறார்கள். அரபுக்காரரும் வட இந்தியரும் தோலா என்கிறார்கள். ஒரு கட்டிக்கு 16 தஹில், சுமார் 605 கிராம். ஒரு தஹில் 37.8 கிராம். ஒரு தோலா 11.66 கிராம்தான். ஒரு தஹிலுக்குள் மூன்று தோலாவுக்கு மேல் அடங்கும். தோலா விலையைத் தஹில் விலை என்று காதில் வாங்கிக்கொண்டு மகிழ்ந்து போனவர்கள் உண்டு. எந்த நிறுவையில் பேசினாலும் ரசீதில் கிராம் எழுதச் சொல்ல வேண்டும்.

கடைத்தெருவில் ஒரு தானியக் குவியலுக்குள் நாயகம் (ஸல்) அவர்கள் கையை விட்டு, உள்ளே ஈரத்தைக் கண்டு, மழையில் நனைந்ததை ஜனங்கள் பார்க்கும்படி மேலே வைத்திருக்கக் கூடாதா என்று விற்பவரிடம் கேட்ட சம்பவம் நமக்கெல்லாம் தெரியும். எண்ணெயில் ஊறிய கட்டையும் அந்த ஈரத் தானியமும் ஒன்றுதான். வாசனை ஏற்றிய கட்டையை விற்கவே கூடாது என்று நாம் சொல்லவில்லை. 'இது வாசனை ஏற்றியது' என்று எழுதி, அதற்குரிய விலைக்கு விற்கலாம். அப்படி விற்பவரிடம் வாங்குகிறவர்களும் இருக்கவே செய்கிறார்கள். மௌலூது மஜ்லிஸுக்குப் புகை போட எல்லாரும் ஆயிரம் வெள்ளிக் கட்டை கேட்பதில்லை.

சட்டம் சொல்வது

வாங்கும் இடத்தில்தான் மரத்தின் தலையெழுத்தும் இருக்கிறது. காட்டில் சாய்த்தவன் கையில் கட்டையை வைத்துக்கொண்டு என்ன செய்வான்? யாரோ ஒருவர் கேள்வி கேட்காமல் பணம் எண்ணிக் கொடுப்பதால்தான் ஒன்பது மரம் விழுகிறது. அந்த ஒருவர் நம்மவராக இருக்கக் கூடாது என்பது நம் கவலை.

காடு மாநிலத்தின் உடைமை. மாநில வனத்துறையின் அனுமதிச் சீட்டு இல்லாமல் காட்டுப் பொருளை எடுப்பது 1984-ஆம் வருடத் தேசிய வனச் சட்டப்படி குற்றம். இது உள்நாட்டு விஷயம். வெளிநாட்டு வியாபாரத்துக்கு வேறு சட்டம் இருக்கிறது. அருகி வரும் உயிரினங்களின் வியாபாரத்தைப் பற்றிய சைட்டிஸ் என்னும் சர்வதேச உடன்படிக்கையில் மலாக்கா அகில் மரம் 1995 முதல் சேர்க்கப்பட்டது. 2005 ஜனவரி முதல் இந்த இனத்து அகில் மரங்கள் எல்லாமே சேர்ந்துவிட்டன. இதற்காக மலேசியாவில் 2008-இல் இயற்றிய சட்டம் 686-ஆம் எண் கொண்டது. வியாபாரத்துக்காகக் கட்டையையோ சீவலையோ வெளிநாட்டுக்கு அனுப்ப வேண்டுமானால் பர்மிட் வேண்டும். தீபகற்ப மலேசியாவில் அதை வழங்குவது மலேசிய மரத்தொழில் வாரியம். மீறினால் அபராதமும் சிறையும் உண்டு, சரக்கும் போய்விடும்.

இலை, பழம், விதை, வடித்த பின் மிஞ்சும் சக்கைத் தூள் ஆகியவற்றுக்கு இந்த உடன்படிக்கையின் கட்டுப்பாடு கிடையாது. சில்லறை விற்பனைக்கென்று பொதி செய்து முடித்த சரக்குக்கும் கிடையாது. ஆனால் சீவல், மணி, தஸ்பீஹ், செதுக்கு வேலை ஆகியவை எவ்வளவு அழகாகப் பொதி செய்திருந்தாலும் கட்டுப்பாட்டில் அடங்கியவையே. காஹாரு தஸ்பீஹ் மொத்தமாக அனுப்பும் எண்ணமுள்ளவர்கள் இதை அவசியம் கவனிக்க வேண்டும்.

ஆகவே, எவரேனும் பையில் கட்டையோடு கடை வாசலில் வந்து நின்றால், எந்தக் காடு, எந்தச் சீட்டு என்று முதலில் கேட்க வேண்டும். தோட்டத்துச் சரக்கு என்றால், யார் நிலம், எப்போது வெட்டியது என்று கேட்டு எழுதி வாங்க வேண்டும். பதில் சொல்லத் தயங்குகிறவரிடம் மலிவாகக் கிடைக்கிறதே என்று வாங்கினால், நாளைக்கு அதிகாரி வந்து நம்மிடம் அதே கேள்வியைக் கேட்பார்.

தோட்ட அகில்

நட்டு வளர்ப்பது நல்ல வழிதான். கன்று எளிதில் கிடைக்கிறது. நம் மண்ணில் வளர்கிறது. சில வருடம் வளர்ந்த மரத்தில் துளைகள் போட்டுப் பூஞ்சை மருந்தைச் செலுத்திக் காத்திருந்தால் பிசின் உண்டாகும். கெப்போங் வன ஆராய்ச்சிக் கழகத்தார் இதில் வெகுநாளாக ஆராய்ந்து வருகிறார்கள். பேராக் மாநிலம் கோப்பெங்கில் பெரிய காரஸ் தோட்டமே இருக்கிறது. இலையைத் தேயிலைபோல் விற்கிறார்கள். ஆனால் துளை போட்ட எல்லா மரமும் நல்ல சரக்குத் தருவதில்லை. கிடைப்பதும் பெரும்பாலும் எண்ணெய் வடிக்கவே உதவும். காட்டு மரத்தில் பல பத்து வருடம் ஊறிய கட்டைக்கு ஈடாகாது. போதாக்குறைக்கு இலை தின்னும் புழு ஒன்று கூட்டமாக வந்து, தோட்டம் முழுவதையும் மொட்டை அடித்துவிடும்.

இதையெல்லாம் சொல்லாமல், மரம் ஒன்றுக்கு இவ்வளவு வெள்ளி கட்டுங்கள், ஏழு வருடத்தில் இத்தனை மடங்கு தருகிறோம் என்று பணம் திரட்டியவர்கள் உண்டு. பிள்ளைகள் கல்யாணத்துக்கும் ஹஜ்ஜுக்கும் சேர்த்து வைத்ததைப் போட்டுவிட்டு, இன்று தங்கள் மரம் எந்த ஊரில் நிற்கிறது என்றுகூட அறியாதவர்களை நாம் அறிவோம். நிறுவனத்தின் பெயரைச் சொல்வதால் போன பணம் திரும்பாது. ஒன்றை மட்டும் தெரிந்துகொள்ளுங்கள். பொதுமக்களிடம் இப்படிப் பங்கு வாங்கித் திட்டம் நடத்துவோர் 2016-ஆம் வருடச் சட்டப்படி எஸ்.எஸ்.எம். என்னும் கம்பெனிகள் ஆணையத்தில் திட்டத்தைப் பதிவு செய்திருக்க வேண்டும். கம்பெனி பதிவு வேறு, திட்டப் பதிவு வேறு. கம்பெனிப் பத்திரத்தைக் காட்டித் திட்டப் பத்திரமாக நினைக்க வைப்பது அவர்கள் தந்திரம்.

மார்க்க ரீதியிலும் யோசிக்க வேண்டியது உண்டு. மடியில் இருக்கும் பாலை விற்கக் கூடாது, தண்ணீரில் ஓடும் மீனை விற்கக் கூடாது என்று ஓதியிருக்கிறோம். எவ்வளவு, எப்படி என்று அறியாத ஒன்றை விற்பதில் ஏமாற்றம் இருப்பதே காரணம். கண்ணெதிரே நிற்கும் மரத்தை மரமாக வாங்குவது வேறு. அதற்குள் இன்னும் உண்டாகாத ஊதை எடைபோட்டு, லாபத்தையும் நிச்சயமாகச் சொல்லி விற்பது வேறு. ஃபத்வா கொடுக்கும் தகுதி நமக்கில்லை. பணத்தைக் கட்டும் முன் ஆலிம்களிடம் கேட்டுக்கொள்ளவும். கட்டிய பிறகு கேட்பவர்களே அதிகமாக இருக்கிறார்கள்.

ஹஜ்ஜுக்கும் உம்ராவுக்கும் செல்பவர்கள், ஊருக்குப் போகிறவர்கள் கேட்கும் கேள்விக்கும் இங்கேயே பதில் எழுதிவிடுகிறோம். சொந்த உபயோகத்துக்காகக் கூடவே எடுத்துச் செல்வதற்கு சைட்டிஸ் உடன்படிக்கையில் சலுகை இருக்கிறது. ஒருவருக்கு ஒரு கிலோ வரை சீவல், 24 மில்லி வரை எண்ணெய், இரண்டு தஸ்பீஹ் அல்லது இரண்டு மாலைகள் வரை பர்மிட் இல்லாமல் கொண்டுபோகலாம். இதற்கு மேல் வேண்டுமானால் பர்மிட் எடுக்க வேண்டும். சில நாடுகள் இந்தச் சலுகையைத் தங்கள் இஷ்டப்படி குறைத்து வைத்திருக்கலாமாதலால், இறங்கும் நாட்டின் விதியையும் விமானச் சீட்டு எடுக்கும்போதே விசாரித்துக்கொள்ள வேண்டும். பலருடைய பங்கை ஒருவர் பையில் போட்டு எடுத்துச் சென்றால் அது ஒருவருடைய சுமையாகவே கணக்கில் வரும். கடையில் வாங்கிய ரசீதைக் கட்டையோடு வைக்காமல் கைப்பையில் வைத்துக்கொள்ளவும். பெட்டி திறக்கும் இடத்தில் தேடிக்கொண்டு நிற்க வேண்டியதில்லை.